எது தள்ளுகிறது, எதைத் தள்ளுகிறது?

மாணவச் செல்வங்களே, ஆசிரியப் பெருமக்களே, வணக்கம்.

நியூட்டனின் மூன்று விதிகளையும் கேட்டால், இந்த அரங்கில் இருக்கும் பிள்ளைகள் அத்தனை பேரும் தடையில்லாமல் ஒப்பிப்பீர்கள். அதனால் இன்று விதிகளைச் சொல்லப் போவதில்லை. விதி மனப்பாடமாகத் தெரிந்த பிள்ளைக்கும் கணக்கு ஏன் தப்பிப்போகிறது என்பதைத்தான் பேசப் போகிறேன்.

ஒரு கேள்வியில் தொடங்குவோம். பந்தை நேர் மேலே எறிகிறோம். கையை விட்டுப் பிரிந்து, இன்னும் மேலே ஏறிக்கொண்டிருக்கும் பந்தின் மேல் என்னென்ன விசைகள் செயல்படுகின்றன? காற்றின் தடையை விட்டுவிடுங்கள். வகுப்பில் அதிகம் வரும் பதில் இது: கீழ்நோக்கிப் புவியீர்ப்பு, மேல்நோக்கிக் கை கொடுத்த விசை, அந்த விசை தீர்ந்ததும் பந்து திரும்பி விழுகிறது. கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் தவறு. கை விசை கொடுத்தது பந்தைத் தொட்டுக்கொண்டிருந்த வரைக்கும்தான். பந்து தன்னோடு எடுத்துக்கொண்டு போவது திசைவேகத்தை, விசையை அல்ல.

எண்களை வைத்துப் பாருங்கள். நொடிக்கு 19.6 மீட்டர் வேகத்தில் எறிந்தால், முதல் நொடி முடிவில் வேகம் 9.8. இரண்டாம் நொடி முடிவில் சுழி. மூன்றாம் நொடி முடிவில் மறுபடி 9.8, ஆனால் கீழ்நோக்கி. ஒவ்வொரு நொடியிலும் மாற்றம் ஒரே அளவு, ஒரே திசை. ஏனென்றால் பந்தின் மேல் இருப்பது ஒரே விசை, புவியின் ஈர்ப்பு. உச்சியிலும் முடுக்கம் 9.8 மீ/வி² தான். உச்சியில் வேகத்தோடு முடுக்கமும் சுழியாகிவிட்டால் பந்து அங்கேயே தொங்கிக்கொண்டு நிற்க வேண்டும், அப்படி நிற்பதில்லையே!

இந்தத் தவறுக்கு மருந்து ஒன்றுதான். ஒரு விசையை எழுதும்போதெல்லாம் இரண்டு பெயர் கேளுங்கள்: எந்தப் பொருள் தள்ளுகிறது அல்லது இழுக்கிறது, எந்தப் பொருளை? புவி பந்தை இழுக்கிறது, சரி. மேசை புத்தகத்தைத் தாங்குகிறது, சரி. மேலே போகும் பந்தை மேல்நோக்கித் தள்ளுவது எது? பெயர் சொல்ல முடியவில்லை என்றால் அப்படி ஒரு விசை இல்லை. அடித்துவிடுங்கள். 1977-இல் ஏவப்பட்ட வாயேஜர் 1 விண்கலம் இன்றும் நொடிக்கு ஏறக்குறைய 17 கிலோமீட்டர் வேகத்தில் போய்க்கொண்டிருக்கிறது. பின்னாலிருந்து எந்த எஞ்சினும் அதைத் தள்ளவில்லை. விசை இல்லாவிட்டால் திசைவேகம் மாறாது என்னும் முதல் விதிக்கு இதைவிட நல்ல சாட்சி வேண்டாம்.

இனி விசைப்படம். பாடநூல் தனித்த பொருள் விசைப்படம் என்று சொல்வது இதைத்தான். ஒரே ஒரு பொருளைத் தேர்ந்தெடுங்கள். சுற்றியுள்ள எல்லாவற்றிலிருந்தும் அதைப் பிரித்துத் தனியாக ஒரு புள்ளியாக வரையுங்கள். அதைத் தொட்டுக்கொண்டிருப்பவை எவை என்று சுற்றிப் பாருங்கள்: தரை, கயிறு, கை, சுருள்வில். தொடும் இடத்தில் மட்டுமே தொடுவிசை உண்டு. பரப்பு என்றால் அதற்குச் செங்குத்தாக ஒரு விசை, சொரசொரப்பாக இருந்தால் பரப்பின் வழியாக உராய்வு. கயிறு இழுக்கும், ஒருபோதும் தள்ளாது. தொடாமல் செயல்படுவது பெரும்பாலான கணக்குகளில் புவியீர்ப்பு ஒன்றுதான். அவ்வளவையும் வரைந்தபின் நிறுத்துங்கள். 'நிறை × முடுக்கம்' என்பதை ஒரு அம்புக்குறியாக அந்தப் படத்தில் சேர்க்காதீர்கள். அது விசை அல்ல, விசைகள் எல்லாம் சேர்ந்ததன் விளைவு. சமன்பாட்டில் அதற்கு மறுபக்கம்தான் இடம்.

படம் வரையாமல் நேராகச் சூத்திரத்துக்குப் போனால் என்ன ஆகும்? வழவழப்பான மேசை மேல் 2 கிலோ வண்டி. அதில் கட்டிய நூல் கப்பி வழியாக இறங்கி, முனையில் 1 கிலோ எடைக்கல் தொங்குகிறது. விட்டால் வண்டியின் முடுக்கம் என்ன? அவசரப்பட்டவர் எழுதுவது: தொங்கும் கல்லின் எடை 9.8 நியூட்டன், வண்டியின் நிறை 2, ஆகவே முடுக்கம் 4.9. நூலின் இழுவிசை கல்லின் எடைக்குச் சமம் என்று அவர் தம்மை அறியாமலே எடுத்துக்கொண்டார். அது சமமாக இருந்தால் கல்லின் மேல் நிகர விசை சுழி. கல் கீழே இறங்கவே முடியாது. இரண்டு படம் வரையுங்கள். வண்டிக்கு: இழுவிசை = 2 × முடுக்கம். கல்லுக்கு: 9.8 − இழுவிசை = 1 × முடுக்கம். இரண்டையும் கூட்டினால் 9.8 = 3 × முடுக்கம். முடுக்கம் 3.27 மீ/வி², இழுவிசை 6.53 நியூட்டன். விடை வந்ததும் ஒரு சோதனை செய்யுங்கள். வண்டியின் நிறை மிக அதிகமானால் கல் கிட்டத்தட்ட நகராமல் நிற்கும், இழுவிசை 9.8-ஐ நெருங்கும். வண்டிக்கு நிறையே இல்லை என்றால் கல் தங்குதடையின்றி விழும், இழுவிசை சுழி. நம் விடை இரண்டுக்கும் நடுவில் இருக்கிறதா? இருக்கிறது.

உராய்வில் ஒரு பெரிய பள்ளம் இருக்கிறது. தரையில் 20 கிலோ பெட்டி. ஓய்வுநிலை உராய்வுக் குணகம் 0.5. 60 நியூட்டன் விசையால் தள்ளுகிறோம், உராய்வு எவ்வளவு? 0.5 × 20 × 9.8 = 98 நியூட்டன் என்று எழுதுகிறார்கள். 60-ஆல் முன்னே தள்ள, 98 பின்னே தள்ளினால், பெட்டி தள்ளுகிறவரை நோக்கியல்லவா வர வேண்டும்! 98 என்பது உச்ச எல்லை. பெட்டி அசையாத வரை, தள்ளும் அளவுக்குத்தான் உராய்வு எதிர்க்கும்: 60-க்கு 60, 90-க்கு 90. 98-ஐத் தாண்டினால் பெட்டி வழுக்கத் தொடங்கும். அதன்பிறகு இயக்க உராய்வுக் குணகத்தைப் பயன்படுத்த வேண்டும். அது 0.4 என்றால் உராய்வு 78.4 நியூட்டன். 100 நியூட்டனால் தள்ளும்போது மிச்சம் 21.6, முடுக்கம் 1.08 மீ/வி². ஆகவே முதலில் கேட்க வேண்டியது, பெட்டி நகர்கிறதா இல்லையா என்பதுதான். சூத்திரம் அதற்குப் பிறகு.

இப்போது மூன்றாம் விதிக்கு வருகிறேன். ஒவ்வொரு வினைக்கும் சமமான, எதிர்த்திசையிலான எதிர்வினை உண்டு: ஒப்பிக்க எளிதான விதி இது. புரிந்துகொள்ள மூன்றிலும் கடினமானது. மேசை மேல் புத்தகம். அதன் எடை கீழ்நோக்கி, மேசை தரும் விசை மேல்நோக்கி. இரண்டும் சமம், எதிரெதிர். 'வினையும் எதிர்வினையும்' என்று எழுதிவிடுகிறார்கள். இல்லை. இரண்டு விசையும் ஒரே புத்தகத்தின் மேல் செயல்படுகின்றன. அவை சமமாக இருப்பதற்குக் காரணம் புத்தகம் அசையாமல் இருப்பது. வினை, எதிர்வினை ஒருபோதும் ஒரே பொருளின் மேல் வராது. பெயர்களை இடம் மாற்றினாலே இணை கிடைத்துவிடும். புவி புத்தகத்தை இழுக்கிறது. அதன் இணை, புத்தகம் புவியை மேல்நோக்கி இழுப்பது. மேசை புத்தகத்தைத் தள்ளுகிறது. அதன் இணை, புத்தகம் மேசையை அழுத்துவது. இணைகள் இரண்டும் ஒரே வகை விசை. ஈர்ப்புக்கு ஈர்ப்பு, தொடுகைக்குத் தொடுகை.

ஆய்வகத்தில் ஐந்து நிமிடத்தில் செய்யக்கூடிய ஒன்றைச் சொல்கிறேன். சுருள்வில் தராசைக் கிடையாக வைத்து, இரு முனைகளிலும் நூல் கட்டி, இரண்டு பக்கமும் கப்பி வழியாக அரைக் கிலோ கற்களைத் தொங்கவிடுங்கள். தராசு என்ன காட்டும்? சிலர் சுழி என்பார்கள், சிலர் 9.8 நியூட்டன் என்பார்கள். காட்டுவது 4.9. ஒரு பக்கத்துக் கல்லை எடுத்துவிட்டு அந்த நூலைச் சுவரில் ஓர் ஆணியில் கட்டுங்கள், அப்போதும் 4.9. ஆணியும் கல்லைப் போலவே 4.9 நியூட்டனால் இழுக்கிறது. முதலில் மாணவர்கள் விடையை எழுதித் தரட்டும், பிறகு கல்லை மாட்டுங்கள். விடையை ஆசிரியர் முன்னாலேயே சொல்லிவிட்டால் இந்தச் சோதனையின் பயன் போய்விடும்.

வண்டியை முன்னே தள்ளுவது எஞ்சின் என்று சொல்கிறோம். இரண்டு பெயர் கேட்டுப் பாருங்கள். எஞ்சின் வண்டிக்குள் இருப்பது. அது சக்கரத்தைச் சுற்றுகிறது. சக்கரம் சாலையைப் பின்னோக்கித் தள்ளுகிறது, சாலை சக்கரத்தை முன்னோக்கித் தள்ளுகிறது. ஆளோடு சேர்த்து 180 கிலோ உள்ள பைக் 2 மீ/வி² முடுக்கம் பெற, மற்றத் தடைகளை விட்டுவிட்டால், சாலை 360 நியூட்டன் கொடுத்தாக வேண்டும். மணலிலும் சேற்றிலும் எஞ்சின் அதே வேலையைத்தான் செய்கிறது. தரை கொடுக்க முடியாததால் சக்கரம் நின்ற இடத்திலேயே சுழல்கிறது.

சாலையே இல்லாத விண்வெளியில் ராக்கெட் எதைத் தள்ளும்? படித்தவர்களே சறுக்கிய கேள்வி இது. 1920 ஜனவரி 13 அன்று நியூயார்க் டைம்ஸ், வெற்றிடத்தில் தள்ளுவதற்கு எதுவும் இல்லையே என்று சொல்லி அமெரிக்க ராக்கெட் ஆய்வாளர் ராபர்ட் கோடார்டின் யோசனையைத் தலையங்கத்தில் கேலி செய்தது. அப்போலோ 11 புறப்பட்ட மறுநாள், 1969 ஜூலை 17 அன்று, அந்தப் பத்திரிகை திருத்தம் வெளியிட்டது. கோடார்ட் 1945-லேயே காலமாகிவிட்டார். ராக்கெட் தள்ளுவது தன் வாயுவை. வாயு ராக்கெட்டைத் தள்ளுகிறது. வெளியே காற்றும் தேவையில்லை, தரையும் தேவையில்லை. 2023 ஜூலை 14 அன்று ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து சந்திரயான்-3 ஐ ஏற்றிச் சென்ற எல்விஎம்3 ஏவுவாகனத்தின் நிறை ஏறக்குறைய 640 டன். அதன் எடை 62.7 லட்சம் நியூட்டன். உந்துவிசை அதற்குச் சமமாக மட்டும் இருந்தால் ராக்கெட் தளத்தை விட்டு எழும்பாது. எடையைத் தாண்டிய மிச்சத்தை 640 டன்னால் வகுத்தால்தான் முடுக்கம். எரிபொருள் எரிய எரிய நிறை குறைவதால், உந்துவிசை மாறாவிட்டாலும் முடுக்கம் ஏறிக்கொண்டே போகும்.

கடைசியாக லிஃப்ட். எடை பார்க்கும் கருவியின் மேல் 50 கிலோ ஆள் நிற்கிறார். கருவி அளப்பது புவி அவரை இழுக்கும் விசையை அல்ல, அவர் கருவியை அழுத்தும் விசையை. லிஃப்ட் மேல்நோக்கி 2 மீ/வி² முடுக்கம் பெறும்போது அது 50 × 11.8 = 590 நியூட்டன்; முள் 60 கிலோவைத் தொடும். கீழ்நோக்கி அதே முடுக்கம் என்றால் 390 நியூட்டன். முள் 40-க்குச் சற்றுக் கீழே. சீரான வேகத்தில் போகும்போது, ஏறினாலும் இறங்கினாலும், 50 தான். மேலே போய்க்கொண்டிருக்கும் லிஃப்ட் நிற்கப் போகும் நேரத்தில் முள் குறையும், ஏனென்றால் அப்போது வேகம் மேல்நோக்கி, முடுக்கமோ கீழ்நோக்கி. முடுக்கம் கீழ்நோக்கி 9.8 ஆகிவிட்டால் முள் சுழிக்கு வரும். பன்னாட்டு விண்வெளி நிலையத்தில் நடப்பது இதுதான். 400 கிலோமீட்டர் உயரத்தில் ஈர்ப்பு இன்னும் தரையில் உள்ளதில் 89 சதவீதம் இருக்கிறது, நிலையமும் உள்ளிருப்பவர்களும் சேர்ந்து விழுந்துகொண்டே சுற்றுகிறார்கள்.

இதை நீங்களே பார்க்கலாம். வீட்டில் புழங்கும் டிஜிட்டல் கருவி இதற்கு உதவாது. பெரும்பாலானவை எண் நிலைத்ததும் அதையே பிடித்துவைத்துக்கொள்ளும். முள் ஆடும் பழைய வகையை எடுங்கள். கூட ஒருவரை வைத்துக்கொண்டு, கைப்பேசியில் முள்ளை மட்டும் படம் பிடிக்கச் சொல்லுங்கள். சாய்ந்து எதையும் பிடிக்கக் கூடாது. பிடித்தால் விசைப்படத்தில் இன்னொரு அம்புக்குறி வந்துவிடும். உங்கள் ஊர் லிஃப்டின் முடுக்கம் 2 மீ/வி²-ஐவிடக் குறைவாகவே இருக்கும், ஆகவே முள் ஒன்றிரண்டு நொடி சில கிலோதான் நகரும். அந்தச் சில கிலோவை 9.8-ஆல் பெருக்கி, உங்கள் நிறையால் வகுத்தால், லிஃப்டின் முடுக்கம் கிடைத்துவிடும்.