வைத்தியம் இலவசம்தான், பிறகு ஏன் பிந்திப் போகிறோம்?

வணக்கம். இன்றைக்கு ஒரே ஒரு கேள்வியை எடுத்துக் கொஞ்சம் விரிவாகப் பேசப் போகிறேன். யாழ்ப்பாணத்து அச்சுவேலிப் பக்கத்திலிருந்து ஒரு தங்கச்சி எழுதியிருக்கிறார். வாசிக்கிறேன்.

"ஐயா, அப்பா தோட்டத்தில் கூலி வேலை செய்கிறவர். பல வருடமாகச் சீனி வருத்தம். காலில் வந்த புண் பெரிதாகி, கடைசியில் ஒரு விரலை எடுக்க வேண்டி வந்தது. ஏன் இவ்வளவு பிந்திக் கொண்டுவந்தீர்கள் என்று வார்டில் ஏசினார்கள். நாட்டில் வைத்தியம் இலவசம். அப்படியென்றால் ஏன் எங்களைப் போன்ற ஆட்களுக்கே இப்படி நடக்கிறது? இந்தியாவில் கொடுப்பதுபோல இங்கேயும் காப்புறுதி அட்டை கொடுத்தால் இது தீராதா?"

தங்கச்சி, முதலில் அந்த ஏச்சைப் பற்றி. வார்டில் நிற்கிற மிஸிமாருக்கு, அதாவது தாதியருக்கு, வேலைப்பளு அதிகம், அது தெரியும். ஆனாலும் அந்த ஏச்சு உங்கள் அப்பாவுக்கு உரியதில்லை.

இலவசம் என்பது பொய் இல்லை. 1951இல் இலங்கையின் அரசாங்க ஆஸ்பத்திரிகளில் கட்டணம் நீக்கப்பட்டது. 1970களில் சில வருடம் சிறு தொகை ஒன்று வாங்கிப் பார்த்தார்கள், 1977இல் அதையும் கைவிட்டார்கள். இன்றைக்கும் பெரியாஸ்பத்திரிக்குள் போய் ஒப்பரேஷன் செய்து, வார்டில் படுத்து, சாப்பிட்டு வெளியே வருகிற வரைக்கும் யாரும் உங்களிடம் பில் நீட்டமாட்டார்கள். தெற்காசியாவில் இது எல்லாருக்கும் கிடைத்த வரம் இல்லை.

ஆனால் ஒரு கூலியாளின் கணக்கை எடுத்துப் பாருங்கள். சீனி வருத்தக்காரருக்கு வெறும் வயிற்றில் இரத்தம் கொடுக்க ஒரு நாள். ரிப்போர்ட் எடுக்க இன்னொரு நாள். கிளினிக் வேறு ஒரு நாள். கிளினிக் நாளில் விடியவே பஸ் பிடித்து நம்பர் எடுத்தால்தான் மத்தியானத்துக்குள் குளிசையோடு வெளியே வரலாம். அந்த நாளில் தோட்டத்தில் கூலி இல்லை. வெங்காயம் கிண்டுகிற காலத்தில், வராத ஆளுக்குப் பதில் அடுத்த நாளே வேறு ஆளைப் பிடித்துவிடுவார்கள். அப்புறம் "இந்தப் பரிசோதனை இங்கே இல்லை, வெளியில் செய்துகொண்டு வாங்கோ" என்று ஒரு துண்டு தருவார்கள். 2022 பொருளாதார நெருக்கடியின்போது மருந்துக்கும் அப்படித் துண்டு எழுதியதை மறந்திருக்க மாட்டீர்கள். நாட்டின் மொத்த மருத்துவச் செலவில் பாதிக்குக் கிட்ட மக்கள் கைக்காசு என்று சொன்னால், இலவச வைத்தியம் உள்ள நாட்டிலா என்று கேட்பீர்கள். அந்தக் காசு போகிற வழி இதுதான்: தனியார் லாப், சனலிங் (காசு கட்டி டொக்டரைத் தனியாரில் பார்ப்பது), வெளியில் வாங்குகிற மருந்து.

அரசாங்க உத்தியோகத்தர் ஒருவருக்கும் இதே சீனி வருத்தம் வரலாம். அவர் லீவு போடுவார், சம்பளம் வரும். பின்னேரம் சனலிங்கில் அதே டொக்டரைப் பார்ப்பார். உங்கள் அப்பா ஒரு கிளினிக்கைத் தவறவிடுவார், பிறகு இன்னொன்றை. குளிசை முடிந்துவிடும். சீனி கூடினால் உடனே நோகாது, அதுதான் இந்த வருத்தத்தின் பெரிய சதி. காலின் உணர்வு குறைந்து போயிருக்கும். முள் ஏறினது தெரியாது. தெரிகிற நேரத்தில் புண் எலும்புக்குப் போயிருக்கும்.

நெடுந்தீவு ஆட்களுக்கு இது இன்னும் மோசம். பெரியாஸ்பத்திரிக்கு வரவேண்டுமென்றால் முதலில் குறிகட்டுவானுக்குப் படகு ஏற வேண்டும், கடல் மட்டும் ஒரு மணித்தியாலம். சோளகக் கடல் குமுறுகிற நாளில் அந்தப் பயணம் எப்படி இருக்கும் என்று தீவார் யாரையாவது கேட்டுப் பாருங்கள்.

சரி, இலவசம் மட்டும் போதாதென்றால், இந்த நாடு சுகாதாரத்தில் எப்படிப் பெயர் வாங்கியது? இதைத்தான் பலர் பிழையாக விளங்கிக்கொள்கிறார்கள். பெரிய ஆஸ்பத்திரிகளை விட வீட்டு வாசலில் நடந்த வேலைக்குத்தான் அதில் பங்கு அதிகம். 1926இல் களுத்துறையில் முதலாவது சுகாதாரப் பிரிவைத் தொடங்கினார்கள். ஒரு பகுதிக்கு ஒரு சுகாதார வைத்திய அதிகாரி, அவருக்குக் கீழே பிஎச்ஐ என்கிற பொதுச் சுகாதாரப் பரிசோதகர், ஊருக்குள் மருத்துவிச்சி, அதாவது மிட்வைஃப். 1934-35 மலேரியாவில் 80,000 பேர் அளவில் செத்துப்போன பிறகு, ஊர்ப்புறங்களில் வைத்திய வசதி இல்லாதது ஆட்சியில் இருந்தவர்களின் முகத்தில் அறைந்தது. 1931இலேயே எல்லாருக்கும் வாக்குரிமை வந்துவிட்டதால், ஊர்ச்சனத்தைக் கவனிக்காமல் அடுத்த தேர்தலுக்குப் போகவும் முடியவில்லை. அதே மலேரியாவை நாட்டிலிருந்து ஒழித்தாயிற்று என்று 2016இல் உலக சுகாதார நிறுவனம் அத்தாட்சி கொடுத்தது.

உங்கள் அம்மா உங்களைச் சுமந்தபோது மிட்வைஃப் வீட்டுக்கு வந்து பெயர் பதிந்திருப்பார். கிளினிக்குக்குப் போகாவிட்டால் தேடி வந்து ஏசியிருப்பார். அந்த ஏச்சு வேறு, அது நேரத்துக்கு வருகிற ஏச்சு. 1940களில் ஒரு லட்சம் பிள்ளைப்பேற்றுக்கு ஆயிரத்துக்கு மேல் தாய்மார் இறந்தார்கள். இப்போது அது 30 அளவில். ஏழை, பணக்காரர், எந்தச் சாதி என்று பாராமல் எல்லா வீட்டுப் படலையையும் ஒரு பெண் திறந்து போனதால் வந்த மாற்றம் அது. பக்கத்துக் கிணற்றில் ஒரு குடம் தண்ணீர் அள்ள விடாத காலம் யாழ்ப்பாணத்தில் இருந்தது என்பதை நினைத்துப் பார்த்தால், அந்த மிட்வைஃப் செய்த வேலையின் பெறுமதி விளங்கும்.

இந்தச் சராசரிக் கணக்குகளை நான் முழுக்க நம்புவதில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். 2016இல் எடுத்த ஆய்வில், நாடு முழுவதற்கும் ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளில் வயதுக்கேற்ற உயரம் இல்லாதவர்கள் 17 வீதம். மலையகத் தோட்டங்களை மட்டும் எடுத்தால் 32 வீதத்துக்குக் கிட்ட. ஒரே நாடு, ஒரே இலவச வைத்தியம்.

இப்போது நாட்டில் நடக்கிற சாவுகளில் பத்தில் எட்டு, மாரடைப்பு, பாரிசவாதம், சீனி, புற்றுநோய் போன்ற தொற்றாத நோய்களால் வருகிறது. பிள்ளைத்தாய்ச்சிக்கு வீட்டுக்கு வந்த சுகாதாரம், சீனி வருத்தக்காரரைப் பார்த்து "நீ என்னிடம் வா" என்கிறது. 35 வயது தாண்டியவர்களுக்குச் சீனி, பிறஷர் பார்க்கிற நிலையங்கள் இருக்கின்றன, அதுவும் இலவசம். அங்கே போய்ப் பார்த்தால் பெரும்பாலும் பெண்கள்தான் இருப்பார்கள். வேலை நாளில், வேலை நேரத்தில் திறந்தால் ஆம்பிளைகள் எப்படி வருவார்கள்?

இனி காப்புறுதி. இந்தியாவில் 2018இல் ஆயுஷ்மான் பாரத் திட்டம் வந்தது, ஒரு குடும்பத்துக்கு வருடத்துக்கு 5 லட்சம் இந்திய ரூபாய் வரைக்கும். அது ஆஸ்பத்திரியில் படுக்கிறவருக்கான காசு. மாதாமாதம் குளிசை வாங்குகிறவருக்கும் ஓபிடிக்கு (வெளிநோயாளர் பிரிவுக்கு) போகிறவருக்கும் அந்த அட்டையால் பெரிய பலன் இல்லை. அப்படியான அட்டை உங்கள் அப்பாவிடம் இருந்திருந்தால், விரலை எடுக்கிற செலவைக் கொடுத்திருக்கும். அதை இங்கே அட்டை இல்லாமலே சும்மா செய்துவிட்டார்கள். விரல் போகாமல் இருப்பதற்குத் தேவைப்பட்டது சீனியைக் குறைக்கிற மெட்போமின் குளிசையும் காலைப் பார்க்க ஒரு ஆளும். மெட்போமின் ஒன்றும் விலைகூடிய மருந்து இல்லை.

இந்தியாவைப் பார்த்துப் படிக்க வேண்டுமென்றால் நான் தமிழ்நாட்டின் இன்னொரு திட்டத்தைத்தான் காட்டுவேன். 2021 ஆகஸ்டில் கிருஷ்ணகிரி மாவட்டத்தில் தொடங்கிய "மக்களைத் தேடி மருத்துவம்". பிறஷர், சீனி உள்ளவர்களின் வீட்டுக்கே போய்ப் பார்த்து மருந்து கொடுக்கிறார்கள். அதில் குறைகள் இருக்கும், எந்த அரசாங்கத் திட்டத்தில் இல்லை? ஆனால் திசை சரி. நூறு வருடத்துக்கு முன்னமே களுத்துறையில் நாம் பிடித்த திசைதான் அது. அதற்காக இருக்கிற மிட்வைஃப்பின் தலையில் இதையும் ஏற்றுவோம் என்று யாராவது சொன்னால் நான் எதிர்ப்பேன், அவர்களுக்கு ஏற்கெனவே கை நிறைய வேலை. புதிதாக ஆள் எடுக்க வேண்டும். ஒரு மாடிக் கட்டடம் திறந்து நாடா வெட்டினால் படம் வரும், ஊருக்குள் ஆள் நியமித்தால் படம் வராது. அதனால்தான் இது நகராமல் கிடக்கிறது என்பது என் அபிப்பிராயம்.

அப்பாவுக்கு இப்போது என்ன செய்யலாம்? சீனி கட்டுக்குள் வந்ததும், கிளினிக்கில் டொக்டரிடமே கேளுங்கள், கிட்ட இருக்கிற பிரதேச வைத்தியசாலைக்குக் கடிதம் தந்து மாற்றிவிட முடியுமா என்று. வாய்விட்டுக் கேட்டால்தான் கிடைக்கும். தோட்டத்துக்கு வெறுங்காலோடு போக விடாதீர்கள். நல்லூர்த் திருவிழாவுக்குப் போனால் வெயில் ஏற முதல் கும்பிட்டுவிட்டு வரச் சொல்லுங்கள், உணர்வு குறைந்த காலுக்குச் சுடுமணல் தெரியாது. முருகன் கோபிக்க மாட்டார்.

இரவில் படுக்க முன்னம் இரண்டு பாதத்தையும் விரல் இடுக்கையும் நீங்களே பாருங்கள், அவருக்குக் குனிந்து பார்ப்பது கஷ்டம். சிவப்பு, கொப்புளம், வெடிப்பு என்று எது தெரிந்தாலும் கிளினிக் நாள் வரட்டும் என்று இருக்க வேண்டாம். கிளினிக் கொப்பியையும் கொண்டு அடுத்த நாள் காலையிலேயே ஓபிடிக்குப் போங்கள், அதற்குத் திகதி தேவையில்லை.