பொட்டும் நிலமும்: சட்டமன்றத்தில் முத்துலட்சுமி ரெட்டி

அவையோர்க்கு வணக்கம்.

டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி என்றதும் 1912-இல் சென்னை மருத்துவக் கல்லூரியில் பட்டம் பெற்றது, அவ்வை இல்லம், அடையாறு புற்றுநோய் மருத்துவமனை என்று அடுக்கிவிட்டு உட்கார்ந்துவிடுகிறோம். இடையில் சென்னை மாகாணச் சட்டமன்றத்தில் அவர் இருந்த காலம் ஒரே வரியில் போய்விடுகிறது. இன்று அந்த ஒரு வரியைத்தான் எடுத்துக்கொள்கிறேன்.

1926 தேர்தலில் பெண்கள் போட்டியிட்டார்கள், ஒருவரும் வெல்லவில்லை. அம்மையார் உள்ளே வந்தது நியமன உறுப்பினராக. 1927 தொடக்கத்தில் அவையின் துணைத் தலைவராகவும் ஆனார். பெருமைதான், ஆனால் கணக்குப் போட்டுப் பாருங்கள். நியமன உறுப்பினருக்குத் தொகுதி இல்லை, பின்னால் கட்சி இல்லை, கையில் இருப்பது ஒரே ஓட்டு. ஒவ்வொரு வாக்கெடுப்பிலும் மற்றவர்களை ஒவ்வொருவராகச் சேர்த்தாக வேண்டும்.

சிறுமியைக் கோயிலுக்கு நேர்ந்துவிட்டுத் தேவதாசியாக்கும் சடங்குதான் பொட்டுக்கட்டுவது. அந்த வழக்கத்தை ஒழிக்க அவர் முதலில் எடுத்தது தீர்மானம்; 1927-இல் அது நிறைவேறியது. பலர் இதையே சட்டம் என்று எழுதிவிடுகிறார்கள். தீர்மானம் என்பது அரசுக்கு அவை சொல்லும் பரிந்துரை. அரசு அதைக் கேட்டுக்கொண்டு சும்மா இருந்துவிடலாம். யாரையும் கட்டுப்படுத்த வேண்டுமானால் மசோதா கொண்டுவர வேண்டும்.

அப்போது குற்றச் சட்டமே இல்லையா என்று கேட்கலாம். இருந்தது. சிறுமியைப் பரத்தமைக்காகக் கொடுப்பதும் வாங்குவதும் இந்திய தண்டனைச் சட்டத்தின் 372, 373 பிரிவுகளின்படி குற்றம். ஆனால் அந்த நோக்கத்தை மெய்ப்பிக்க வேண்டும். சடங்கு கோயிலில் நடந்தது, செய்தது குடும்பம், கேட்டால் சாமிக்கு நேர்ந்துவிட்டோம் என்பார்கள். புகார் கொடுக்க வேண்டியவளோ குழந்தை.

இங்கேதான் அம்மையாரின் கூர்மை தெரிகிறது. வழக்கத்தை எது தாங்கி நிற்கிறது என்று பார்த்தார். பல கோயில்களில் தாசிகளுக்கு மானிய நிலம் உண்டு. ஊழியம் செய்தால் நிலம். ஊழியம் நின்றால் நிலமும் போகும். ஆகவே தாய்க்குப் பின் இன்னொரு பெண்ணுக்குப் பொட்டுக் கட்டியாக வேண்டும், இல்லையென்றால் வீட்டில் அடுப்பு எரியாது. இந்த முடிச்சை, கோயில் சொத்துகளின் நிர்வாகத்துக்கான அறநிலையச் சட்டத்தைத் திருத்தியே அவிழ்த்துவிடலாம். 1926-ஆம் ஆண்டின் இந்து சமய அறநிலையச் சட்டத்தில் 1929-இல் 44-ஏ என்ற பிரிவு சேர்ந்தது. ஊழிய நிபந்தனையிலிருந்து மானியத்தை விடுவித்து, அதன்மேல் ஒரு தீர்வையை, அதாவது நில வரியை, விதிப்பது இதன் வழி. இனி நிலத்தைக் காப்பாற்ற மகளைக் கோயிலுக்கு விட வேண்டியதில்லை. மதத்தில் தலையிடுகிறார்கள் என்று கூச்சலிட்டவர்களுக்கும் இதை எதிர்ப்பது கடினமாக இருந்திருக்கும், பறிபோவது எதுவுமில்லையே!

ஓட்டையும் இருந்தது. மானியமே இல்லாத குடும்பங்களை இந்தத் திருத்தம் தொடவில்லை. அங்கே பொட்டுக் கட்டினால் தடுக்க வழியில்லை. அதற்காக 1930-இல் நேரடித் தடை மசோதா ஒன்றைக் கொண்டுவந்தார். அதே ஆண்டில் காந்தியடிகள் கைதானதைக் கண்டித்துப் பதவியை உதறினார். அரசு கொண்டுவராமல் ஓர் உறுப்பினர் தாமே கொண்டுவரும் தனி உறுப்பினர் மசோதாவின் பலவீனம் இதுதான்: அரசு மசோதா என்றால் அமைச்சர் மாறினாலும் துறை இருக்கிறது, கோப்பு நகரும். தனி உறுப்பினர் எழுந்து போய்விட்டால் அதைத் தூக்கிச் சுமக்க ஆளில்லை. ராஜினாமா சரியா தவறா என்று இன்றும் வாதிடலாம். சரி என்பதே என் கட்சி. ஆனால் அதற்கான விலையைக் குறைத்துச் சொல்லக் கூடாது.

அந்த விலை 17 ஆண்டுகள். அவைக்கு வெளியே மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் போன்றோர் மேடைதோறும் பேசி நெருப்பை அணையவிடாமல் வைத்திருந்தார்கள். ஓமந்தூரார் (ஓமந்தூர் ராமசாமி ரெட்டியார்) முதல்வராக இருந்த ஆட்சியில், 1947-இல்தான் சென்னை மாகாணத் தேவதாசி ஒழிப்புச் சட்டம் வந்தது. பொட்டுக் கட்டினாலும் உடந்தையாக இருந்தாலும் ஆறு மாதம் வரை சிறை, அல்லது 500 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். எல்லோரும் மேற்கோள் காட்டுவது இந்தத் தண்டனையைத்தான். எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது இன்னொரு விதி: முன்பே பொட்டுக் கட்டப்பட்டவளாக இருந்தாலும் அவள் செய்துகொள்ளும் திருமணம் செல்லும். தண்டனை இனிமேல் நடப்பதற்கு. இந்த விதியோ ஏற்கெனவே பொட்டுக் கட்டிக்கொண்டு நின்ற ஆயிரமாயிரம் பெண்களுக்கு.