மிஃபுனே இல்லாத அந்த ஒரு படம்

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, அனைவருக்கும் வணக்கம்.

ஜப்பானியத் திரைப்பட இயக்குநர் அகிரா குரோசவாவின் படங்களைத் தாங்கி நிற்பவர் நாயகன் டோஷிரோ மிஃபுனேயா, குணச்சித்திர நடிகர் டகாஷி ஷிமுராவா என்பது இன்றைய தலைப்பு. மிஃபுனேயின் வேகத்தையும் வாள்வீச்சையும் எதிரணித் தலைவர் சுவைபட எடுத்துரைத்தார். ஷிமுராவின் பக்கம் பேச வந்திருக்கும் நான், அதில் ஒரு சொல்லையும் மறுக்கப்போவதில்லை. ஆனால் கண்ணைப் பறித்தவர் யார் என்று தலைப்பு கேட்கவில்லையே!

1948-இல் வந்த 'டிரங்கன் ஏஞ்சல்' தொடங்கி 1965-இல் வந்த 'ரெட் பியர்ட்' வரை குரோசவா இயக்கிய படங்கள் 17. அவற்றுள் 16 படங்களில் மிஃபுனே இருக்கிறார். அவர் இல்லாத ஒரே படம் 1952-இல் வெளிவந்த 'இகிரு'. வயிற்றுப் புற்றுநோயால் சில மாதங்களில் இறக்கப்போகும் வதனாபே என்னும் நகராட்சி அலுவலராக, அப்போது 47 வயதே ஆகியிருந்த ஷிமுரா, குரலைத் தொண்டைக்குள்ளேயே அடக்கி, தோள்களைக் குறுக்கி, பேச வேண்டிய இடங்களிலெல்லாம் விழிகளை மட்டும் அகல விரித்து நடித்திருப்பார். மதுக்கூடத்தில் அவர் ஒரு பழைய பாடலை மெல்லப் பாடத் தொடங்கும்போது, அருகில் ஆடிக்கொண்டிருந்தவர்கள் தாமாகவே நின்றுவிடுகிறார்கள். இன்னும் வியப்பு என்னவென்றால், படம் முடிய நெடுநேரம் இருக்கும்போதே வதனாபே இறந்துவிடுகிறார். இழவு வீட்டில் கூடிய அலுவலர்கள், சிறுவர் பூங்கா அமைந்ததற்குக் காரணம் அவரா இல்லையா என்று மது அருந்தியபடி வாதிடும் அந்த நீண்ட பகுதி முழுவதையும், நினைவுக் காட்சிகளில் சிறிது நேரமே வந்துபோகும் ஷிமுரா தாங்குகிறார்.

"இகிருவில் அவர்தானே நாயகன், அது எங்கள் கணக்கில் சேரும்" என்றார் எதிரணித் தோழி. சாமர்த்தியமான வாதம்தான், பாராட்டுகிறேன். அப்படியானால் 1954-க்கு வருவோம். 'செவன் சாமுராய்' படத்தில் ஒரு குழந்தையை மீட்பதற்காகத் துறவிபோல் வேடமிட, ஷிமுரா ஏற்ற கம்பெய் என்னும் சாமுராய், அதாவது ஜப்பானியப் போர்வீரர், தன் தலையை மழித்துக்கொள்கிறார். குடுமியை இழப்பது சாமுராய்க்கு எத்தகைய இழிவு என்பதை அறிந்த ஊரார் வாயடைத்துப் பார்க்கிறார்கள். அந்தக் கூட்டத்தில் நின்று பார்த்துவிட்டு அவர் பின்னாலேயே அலைபவன்தான் மிஃபுனேயின் கிகுசியோ. எதிரணியின் நாயகனே எங்கள் ஷிமுராவைப் பின்தொடர்ந்துதான் கதைக்குள் நுழைகிறான், நடுவர் அவர்களே! மழித்த தலையை ஷிமுரா அவ்வப்போது தடவிக்கொள்ளும் அந்தச் சிறு பழக்கத்திலேயே தலைவனின் கவலையும் கூச்சமும் தெரிந்துவிடும்.

அதே 1954-இல் அவர் 'காட்ஸில்லா'வில், அந்தப் பெருவிலங்கைக் கொல்லாமல் ஆராய வேண்டும் என்று ஏங்கும் விஞ்ஞானி யமனே. அதற்கு நான்கு ஆண்டுகள் முன்பு 'ரஷோமோன்' படத்தில் மரவெட்டி. அதே 1950-இல் 'ஸ்கேண்டல்' படத்தில், கட்சிக்காரனை விற்றுவிட்டு நோயுற்ற மகளின் முன் கூனிப்போகும் வழக்கறிஞர். பின்னதில் கதாநாயகன் மிஃபுனேதான். படம் முடிந்து வெளியே வந்தால் நினைவில் இருப்பவர் அந்த வழக்கறிஞர். 1939-இல் வந்த ஓர் இசைப்படத்தில் குடை செய்யும் ஏழை ரோனினாக, அதாவது தலைவனற்ற சாமுராயாக, அவர் பாடியும் இருக்கிறார் என்பதை இடையே சொல்லி வைக்கிறேன்.

எதிரணியினர் அடுத்து 1957-இல் வந்த 'லோயர் டெப்த்ஸ்' படத்தைக் கையில் எடுப்பார்கள் என்று எதிர்பார்க்கிறேன். அதில் மிஃபுனே உண்டு, ஷிமுரா இல்லை; படமும் சிறந்த படமே. ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இடிந்த விடுதியொன்றில் ஒண்டியிருக்கும் பலரின் கதை அது. திருடனாக வரும் மிஃபுனே அவர்களுள் ஒருவர். அவர் திரையில் இல்லாத நெடும்பகுதிகளிலும், இறுதிக் காட்சி உட்பட, படத்தை நடத்துபவர்கள் குணச்சித்திர நடிகர்கள். ஷிமுரா இல்லாத இடத்தையும் அவரைப் போன்ற குணச்சித்திர நடிகர்களே நிரப்பியிருக்கும்போது, அந்தப் படம் எந்த அணிக்குச் சாட்சி சொல்கிறது என்பதை எதிரணியின் அடுத்த பேச்சாளர் விளக்கட்டும்.