குவொம்தாரியும் ஃபாஸும் ஒரே குடும்பமா? – சந்தேகங்களுக்கு விளக்கம்

போன பேச்சுக்கு வந்த கேள்விகள்ல ஒண்ணு என்னை விடவே இல்லை. ஒரு நேயர் கேட்டிருக்காங்க: "பப்புவா நியூகினியில குவொம்தாரி, ஃபாஸ்னு ரெண்டு மொழி. ஒரு பட்டியல்ல ரெண்டும் ஒரே குடும்பம்னு இருக்கு. இன்னொண்ணுல வேற வேறன்னு இருக்கு. எது சரி?"

வேற வேறங்கறதுதான் சரிங்க. ஆனா அந்தக் குழப்பம் எப்படி வந்துச்சு பாருங்க, அங்கதான் விஷயமே இருக்கு.

அதுக்கு முன்னாடி, நான் எப்பவும் சொல்றதுதான், புதுசா வந்தவங்களுக்காக மறுபடி சொல்லிடறேன். பப்புவா மொழிகள்ங்கறது ஒரு குடும்பத்தோட பேரு இல்லை. நியூகினியிலயும் சுத்தி இருக்கிற தீவுகள்லயும் மலாய் மாதிரி மொழிகள் இருக்கிற ஆஸ்திரோனேசியக் குடும்பத்துல சேராத மொழிகளுக்கு வச்ச பொதுப்பேரு. அதனால "ரெண்டும் பப்புவா மொழிதானே, சொந்தமாத்தான் இருக்கும்"னு யாரும் ஆரம்பிக்கவே கூடாது.

இப்ப கதைக்கு வருவோம். இந்தோனேசிய எல்லையை ஒட்டி சாண்டவுன் மாகாணம். அங்க குவொம்தாரி, பியாக்கா, குரியாசோ, ஃபாஸ், பைபை, பியூன்னு ஆறு மொழி. எல்லாம் சேர்த்தே பேசறவங்க ஏறக்குறைய 4,000 பேர்தான். 1964ல ரிச்சர்ட் லவ்விங், ஜாக் பாஸ்னு ரெண்டு ஆய்வாளர்கள் அந்தப் பக்கத்து மொழிகளை ஒப்பிட்டு வெளியிட்டாங்க. குவொம்தாரியும் பியாக்காவும் ஒரு குடும்பம், ஃபாஸும் பைபையும் இன்னொரு குடும்பம். தெளிவா இருந்துச்சு.

அப்புறம் ஆஸ்திரேலிய அறிஞர் டொனால்ட் லேக்காக் வகைப்படுத்தினப்ப ஜோடியே மாறிப்போச்சு. குவொம்தாரியோட ஃபாஸ், பைபையோட பியாக்கா! 1983ல வீட்ஸே பரோன்னு இன்னொரு மொழி ஆய்வாளர் இதைத் திரும்ப எடுத்துப் பார்த்துட்டு, அச்சான ஒப்பீட்டுத் தரவுல வரிசை பிசகியிருக்கற மாதிரி தெரியுதுன்னு சொன்னார். மார்க் பட்டியல்ல பேரு ஒரு வரியில, மார்க்கு அடுத்த வரியில விழுந்தா என்ன ஆகும்? அதே கதை. ஒரு மொழியோட சொல் இன்னொரு மொழியோட கணக்குல ஏறிடும். நேராக்கிப் பார்த்தா, 1964ல சொன்ன ரெண்டு குடும்பம் அப்படியே வந்து நிக்குது. ரெண்டுக்கும் நடுவுல பொதுவா பெருசா எதுவும் இல்லை.

இதுல லேக்காக்கைக் குறைச்சு எடை போட்டுடாதீங்க. பப்புவா நியூகினியோட செப்பிக் ஆத்துப் பகுதியில இருக்கிற ந்டுங்கற மொழிக் குடும்பத்தை நிறுவினவர் அவர். மெலனீசியாவுல, அதாவது நியூகினியும் அதுக்குக் கிழக்கே இருக்கிற தீவுகளும் சேர்ந்த பகுதியில, ஏன் இத்தனை மொழின்னு கேட்டப்ப, மலையும் காடும் பிரிச்சதுன்னு மட்டும் சொல்லாம, நாம யாருன்னு காட்டறதுக்காக மக்களே வித்தியாசத்தை விரும்பி வச்சுக்கறாங்கன்னு யோசிச்சவர். எனக்கு அவர் மேல பெரிய மரியாதை. 16ஆம் நூற்றாண்டுல ஜான் டீங்கற ஆங்கிலேய அறிஞர் எழுதி வச்ச தேவதூதர் மொழியைக்கூட உக்காந்து ஆராய்ஞ்சிருக்கார், அதை இன்னொரு நாள் பேசுவோம்.

என்னைக் கேட்டா, எந்தக் குடும்பம்னு கேக்கறதை விட, "எத்தனை சொல்லை வச்சு, யார்கிட்ட கேட்டு, யார் எழுதினது?"ன்னு கேட்டிருந்தா இன்னும் சந்தோஷப்பட்டிருப்பேன். தமிழ் மாதிரி மொழிக்கு ஒரு பட்டியல் கெட்டுப்போனா சரிபார்க்க ஆயிரம் நூல் இருக்கு. சில நூறு பேர் பேசற மொழிக்குச் சில சமயம் ஒரே ஒரு சொற்பட்டியல்தான் இருக்கும். அதுல பிசகு வந்தா குடும்பமே மாறிடுது. லேக்காக்கோட பிரிவு, பரோன் பிசகைச் சொன்னதுக்கப்புறமும் பல காலம் பட்டியல்கள்ல அப்படியே ஓடிக்கிட்டு இருந்துச்சு. நேயர் பார்த்தது அந்த மாதிரி ஒரு பட்டியல்தான்.

மீதி ரெண்டு மொழி? குரியாசோவைக் குவொம்தாரி பக்கம் சேர்த்தது பரோன்தான், ஆனா கொஞ்சம் தூரத்துச் சொந்தம். பியூவையும் லேக்காக் இந்தக் கூட்டத்துல வச்சிருந்தார். இப்ப அதை எந்தக் குடும்பத்துலயும் சேராத தனிமொழின்னு வைக்கறாங்க. பக்கத்து ஊர்ல பெண் எடுத்து, பண்டம் மாத்தி, சொல்லையும் வாங்கிக்கற இடம் அது. நாலஞ்சு சொல் ஒத்துப்போனா போதாது, ஒலி மாற்றம் ஒழுங்கா, திரும்பத் திரும்ப வரணும். பியூவுக்கு அப்படி இன்னும் யாரும் காட்டலை.