ஆட்டத்தை ஏணி என்று சொல்லாதீர்கள்

நடுவர் அவர்களுக்கும், எதிரணி நண்பர்களுக்கும், அவையில் நிறைந்திருக்கும் பெரியோர்களுக்கும் என் வணக்கம்.

2024 செப்டம்பர் 30 அன்று, தம் 58ஆம் வயதில், மூளைப் புற்றுநோயால் மறைந்த கொங்கோ நாட்டுக் கூடைப்பந்து வீரர் டிக்கெம்பே முட்டோம்போவின் வாழ்வில் பெரிதென நிற்பது அவர் ஆடிய ஆட்டமா, அவர் செய்த கொடையா என்பதே இன்று நம் முன் உள்ள கேள்வி. எனக்கு முன் பேசிய எதிரணித் தலைவர், முட்டோம்போ தம் தாயாரின் பெயரில் கின்ஷாசா நகரில் எழுப்பிய 300 படுக்கை மருத்துவமனையை நம் கண்முன் நிறுத்தினார். 1997இல் நாட்டில் கலவரம் மூண்டிருந்த நேரத்தில், மருத்துவமனைக்குச் செல்ல வழியின்றி அந்தத் தாய் உயிர்விட்டதையும், அந்தக் கட்டடத்துக்காக மகன் ஒன்றரைக் கோடி டாலர் அளவுக்குத் தம் சொந்தப் பணத்தைக் கொடுத்ததையும் அவர் சொன்னபோது நானும் கலங்கினேன். அவற்றில் ஒன்றையும் மறுக்க நான் எழவில்லை. ஆனால் பேச்சை முடிக்கும்போது, "ஆட்டம் அவருக்கு வெறும் ஏணி" என்றார். அந்தச் சொல்லை மறுக்கவே எழுந்திருக்கிறேன்.

1987இல் அமெரிக்க அரசின் உதவித்தொகையோடு ஜார்ஜ்டவுன் பல்கலைக்கழகத்துக்கு அவர் சென்றது மருத்துவம் படிக்கத்தான். பந்து ஆடுவதற்கு அல்ல. அங்கே பயிற்சியாளர் ஜான் தாம்சன் அவரைக் களத்துக்கு அழைத்தார். மருத்துவக் கனவு கைவிட்டுப் போக, மொழியியலிலும் அயலுறவியலிலும் பட்டம் பெற்று, 1991இல் அமெரிக்கத் தொழில்முறை அணியான டென்வர் நகெட்ஸில் சேர்ந்தார். பிறருக்கு உதவ வேண்டும் என்பது மட்டுமே அவர் நோக்கமாக இருந்திருந்தால் ஏறி முடித்த இடத்தில் ஏணியை விட்டிருப்பார் அல்லவா? அந்த மருத்துவமனை நோயாளிகளை ஏற்கத் தொடங்கியது 2007இல். கட்ட நினைத்ததைக் கட்டி முடித்தாயிற்று. அப்போது அவருக்கு வயது 41. கூடைப்பந்தில் அந்த வயதுக்காரர்கள் பெரும்பாலும் ஓய்வுபெற்று, ஆட்டத்தைப் பார்வையாளராகப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். இவரோ ஹூஸ்டன் ராக்கெட்ஸ் அணியில், சீன வீரர் யாவ் மிங்குக்கு மாற்று ஆட்டக்காரராக அமர்ந்திருந்தார்.

2008 பிப்ரவரியில் அந்த அணி தொடர்ந்து 12 ஆட்டங்களை வென்றிருந்த வேளையில், யாவ் மிங்கின் கால் எலும்பில் முறிவு கண்டது. இனி அவ்வளவுதான் என்று எல்லோரும் எண்ணினார்கள். முட்டோம்போ அவர் இடத்தில் போய் நின்றார். அணி மேலும் 10 ஆட்டங்களை வென்றது. 22 தொடர் வெற்றிகள் என்பது அதுவரை அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்தில் இரண்டாவது நீண்ட வெற்றித் தொடர். ஏணி என்று எண்ணியவர் இப்படி ஆடுவாரா, நடுவர் அவர்களே?

அவர் செய்த வேலை எத்தகையது என்பதைச் சற்று நிதானமாகச் சொல்ல வேண்டும், ஏனெனில் எதிரணியினர் அதன் பக்கமே போகவில்லை. கூடைப்பந்து என்றதும் நம் கண் பந்தை எறிபவரிடம் போகிறது. முட்டோம்போ எறிபவர் அல்லர், தடுப்பவர். ஏழடி இரண்டங்குல உயரம் இருந்தால் எவரும் தடுத்துவிடலாம் என்று நினைப்பது பிழை. மேலே போகும் பந்தைத் தொடலாம். வளையத்தை நோக்கி இறங்கத் தொடங்கிய பந்தைத் தொட்டால் கூடை விழுந்ததாகவே கணக்கு. எறிபவரின் உடலில் கை பட்டால் தவறு. ஆகவே எதிராளி முதலில் தரையை விட்டு எழ வேண்டும், தடுப்பவர் அவருக்குப் பின்னர் எழ வேண்டும், ஆனால் பந்தை மட்டும் முன்னரே எட்டிவிட வேண்டும். கூட்டம் ஆர்ப்பரிக்கும்படி பந்தை அறைந்து வெளியே தள்ளினால் அது எதிரணிக்கே திரும்பிப் போகும். மெல்லத் தட்டித் தன் அணியினர் பக்கம் விழச் செய்வதில்தான் தேர்ச்சி இருக்கிறது. 18 பருவங்களில் அவர் தடுத்தவை 3,289. அப்பட்டியலில் அவருக்கு மேலே ஹக்கீம் ஒலாஜுவான் ஒருவரே இருக்கிறார். சிறந்த தடுப்பாட்டக்காரர் விருது நான்கு முறை அவருக்குக் கிடைத்தது.

எந்தப் பட்டியலிலும் ஏறாத ஒன்றும் உண்டு. வளையத்துக்கடியில் அவர் நிற்பதைக் கண்டு, எறிய எண்ணியவர் எறியாமல் பந்தை வேறு பக்கம் அனுப்பிவிட்டார் என்றால், அந்தத் தடுப்பை எழுதிவைப்பார் யாருமில்லை. தடுத்த பின்னர் அவர் ஆள்காட்டி விரலை இப்புறமும் அப்புறமும் அசைத்து, இங்கே இது நடக்காது என்று சொல்வார். எதிராளியை நோக்கி அசைப்பது கேலி என்று நிர்வாகம் தடுத்தபோது, பார்வையாளர்களை நோக்கி அசைத்தார். அந்த விரல் நடந்து முடிந்த தடுப்பை மட்டும் சொல்லவில்லை. அடுத்து எறிய வருபவரின் மனத்திலும் ஒரு தயக்கத்தை விதைத்தது.

1994இல் நடந்ததை இந்த அவை கேட்டே ஆக வேண்டும். பருவத்தில் 63 வெற்றிகள் பெற்று முதலிடத்தில் நின்றது சியாட்டில் சூப்பர்சோனிக்ஸ். 42 வெற்றிகளோடு மேற்குப் பிரிவின் எட்டாம் இடத்தில் ஒண்டிக்கொண்டு அடுத்த சுற்றுக்குள் நுழைந்தது டென்வர். ஐந்தில் மூன்றை வெல்பவருக்குத் தொடர். முதல் இரண்டும் சியாட்டிலுக்கே போயின. எட்டாம் இடத்து அணி முதலிடத்து அணியை வீழ்த்தியதாக அதற்கு முன் வரலாறே இல்லை. அங்கிருந்து டென்வர் மூன்று ஆட்டங்களை வரிசையாக வென்றது. கடைசி இரண்டும் கூடுதல் நேரம் வரை போனவை. ஐந்து ஆட்டங்களில் முட்டோம்போவின் தடுப்புகள் மட்டும் 31. மே 7 அன்று, சியாட்டிலின் சொந்தத் திடலில், இறுதி மணி அடித்தபோது அவர் பந்தை இரு கைகளாலும் பற்றியபடி தரையில் மல்லாந்து கிடந்தார்; அந்தப் பந்தைத் தலைக்கு மேல் உயர்த்தி அவர் சிரித்த சிரிப்பில் கணக்கு எதுவும் இல்லை. அது தன் தொழிலில் உச்சம் கண்ட ஒரு மனிதனின் சிரிப்பு.

"கோப்பை ஒன்றையும் வெல்லவில்லையே" என்றும் எதிரணியில் ஒருவர் கேட்டார். உண்மைதான். 2001இல் பிலடெல்பியா அணியிலும் 2003இல் நியூ ஜெர்சி அணியிலும் ஆடி, இறுதிப்போட்டி வரை போய்த் தோற்றார். ஆனால் 2001இல் இறுதித் தொடருக்கு முந்தைய வெளியேற்றச் சுற்றுகளில் ஓர் ஆட்டத்தையும் தோற்காமல் வந்த லேக்கர்ஸ் அணியை, அதன் சொந்தத் திடலிலேயே முதல் ஆட்டத்தில் வீழ்த்திய அணியில், லேக்கர்ஸின் பேருடல் வீரர் ஷக்கீல் ஓநீலின் மொத்த எடையையும் நெஞ்சில் தாங்கி நின்றவர் இவர். அந்த ஆண்டுச் சுற்றுகளில் லேக்கர்ஸ் கண்ட ஒரே தோல்வி அது.

கொடையாளராக அவரை வணங்குவதில் எனக்குத் தடையில்லை. பணம் கொடுத்த செல்வர்கள் உலகில் பலர் உண்டு. அவர்களைப் போல் ஒருவராக அவரைச் சுருக்கிவிட வேண்டாம் என்றே கேட்கிறேன். 2009 ஏப்ரலில், போர்ட்லாந்துக்கு எதிரான ஆட்டத்தில் முழங்காலில் காயமுற்றுக் களத்திலிருந்து அவரைத் தூக்கிச் சென்றபோது அவருக்கு வயது 42. அதுவரை அவர் தாமாக இறங்கவே இல்லை. அவர் ஆடிய டென்வரிலும் அட்லாண்டாவிலும் அவருடைய சட்டையின் 55ஆம் எண்ணை இனி எவரும் அணியலாகாது என்று உயரத்தில் தொங்கவிட்டிருக்கிறார்கள், நடுவர் அவர்களே. அந்த இரண்டு ஊர்க்காரர்களும் அதைத் தொங்கவிட்டது அவர் கட்டிய மருத்துவமனைக்காக அல்ல.