உழைத்தும் ஏழை

அவையில் அமர்ந்திருக்கும் பெரியோர்களுக்கும் நண்பர்களுக்கும் வணக்கம்.

"ஒரு வேலை கிடைத்துவிட்டால் கஷ்டம் தீர்ந்துவிடும்" என்று சொல்லிச் சொல்லியே வளர்ந்தவர்கள் நாம். நானும் வெகுகாலம் அப்படித்தான் நம்பினேன். இரண்டு நாடுகளின் கணக்கை அருகருகே வைத்துப் பார்த்த நாளில் அந்த நம்பிக்கை ஆட்டம் கண்டது. உலகின் மிக ஏழை நாடுகளில் ஒன்று நைஜர். அங்கே வேலையின்மை 1 சதவீதத்தைக்கூட எட்டுவதில்லை. சராசரி வருமானத்தில் நைஜரைவிடப் பல மடங்கு உயர்ந்தது தென்னாப்பிரிக்கா. அங்கே வேலையின்மை 30 சதவீதத்துக்கும் மேல்.

இது எப்படி? கணக்கெடுப்பவர் வாசலில் நின்று கேட்கும் கேள்வியில் இருக்கிறது விடை. "கடந்த ஒரு வாரத்தில் கூலிக்கோ லாபத்துக்கோ ஒரு மணி நேரமாவது வேலை செய்தீர்களா?" செய்தேன் என்று சொன்னால் போதும், நீங்கள் வேலையில் இருப்பவர். உலகம் முழுக்க ஏற்கப்பட்ட வரையறை இதுதான். அந்த ஒரு மணி நேரத்தில் என்ன கிடைத்தது, அது எத்தனை வயிற்றுக்குப் போனது என்பதெல்லாம் இந்தக் கேள்வியில் வராது. வேலையில்லாதவர் என்று பெயர் வாங்க வேண்டுமானால் வேலை செய்யாமல் இருக்க வேண்டும், வேலை தேடவும் வேண்டும். அப்படித் தேடிக்கொண்டு நாட்களைக் கடத்த, பெற்றோரின் ஓய்வூதியமோ அரசின் உதவித்தொகையோ கையில் கொஞ்சம் சேமிப்போ வேண்டும். எதுவும் இல்லாதவர் மறுநாள் காலையிலேயே தலையில் எதையாவது சுமந்துகொண்டு தெருவில் இறங்கிவிடுவார். பரம ஏழைக்கு வேலையில்லாமல் இருப்பது கட்டுப்படியாகாது.

சர்வதேசத் தொழிலாளர் அமைப்பின் அண்மைக் கணக்குகளைப் பாருங்கள். வேலை தேடியும் கிடைக்காதவர்கள் உலகில் 18 கோடியைச் சற்றே தாண்டுகிறார்கள். வேலை செய்துகொண்டே கடும் வறுமைக்கோட்டுக்குக் கீழே வாழ்பவர்களோ 24 கோடிக்கும் மேல். இந்த இரண்டு எண்களையும் நான் பலமுறை திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன். உழைக்கும் ஏழைகள் வேலையற்றவர்களைவிட அதிகம்.

இது புதிதாகக் கண்டுபிடித்த விஷயமும் இல்லை. 1899-ல் இங்கிலாந்தின் யார்க் நகரில், சாக்லேட் தொழில் நடத்திய குடும்பத்தைச் சேர்ந்த சீபோம் ரவுன்ட்ரீ, 11,000-க்கும் மேற்பட்ட தொழிலாளர் குடும்பங்களைப் பற்றி வீடு வீடாக விவரம் திரட்டினார். ஏழைகள் குடித்து அழிகிறார்கள், சோம்பிக் கிடக்கிறார்கள் என்று பேசிய காலம் அது. ஆகவே அவர் வறுமைக்கோட்டை மிகத் தாழ்வாகவே போட்டார். அந்தக் கோட்டில் வாழும் குடும்பம் ரயிலில் ஏறக்கூடாது, செய்தித்தாள் வாங்கக்கூடாது, வெளியூரில் இருக்கும் பிள்ளைக்குக் கடிதம்கூடப் போடக்கூடாது. தபால்தலைக்குக் காசு இருக்காது. இத்தனை இறுக்கமான கோட்டுக்கும் கீழே இருந்தவர்களில் பாதிக்கு மேற்பட்டோர், குடும்பத் தலைவர் தவறாமல் வேலைக்குப் போய்வந்த வீடுகளில் இருந்தார்கள். கூலிதான் போதவில்லை. 125 ஆண்டுகள் கழித்தும் "உழைத்தால் முன்னேறலாமே" என்று ஏழையைப் பார்த்து நாம் சொல்கிறோம் என்றால், எனக்குக் கோபம் வருகிறது.

உழைப்பவரிடம் பணம் ஏன் தங்குவதில்லை? உலகத் தொழிலாளர்களில் 200 கோடிப் பேர் முறைசாரா வேலையில் இருக்கிறார்கள். ஒப்பந்தம் கிடையாது, சம்பளத்தோடு விடுப்பு கிடையாது, வைப்புநிதி கிடையாது. மிக ஏழை நாடுகளில் பத்தில் ஒன்பது பேர் நிலைமை இதுதான். பெருநகரம் எதுவானாலும் அதன் நடைபாதை வியாபாரி ஒருவரை நினைத்துக்கொள்ளுங்கள். விடியும் முன்னே கடன் வாங்கிச் சரக்கு எடுக்கிறார். மாலையில் வட்டியோடு திருப்பிக் கொடுக்கிறார். மிச்சம் அன்றைய சாப்பாட்டுக்குச் சரியாகிவிடும். மறுநாள் விடியலில் மறுபடி கடன். மழை பெய்தாலும் காய்ச்சல் வந்தாலும், வண்டியை நகராட்சி ஆட்கள் தூக்கிப் போனாலும், அன்று வரவு இல்லை, வட்டி மட்டும் உண்டு. இப்படிப்பட்டவரிடம் "சேமியுங்கள்" என்று சொல்ல நமக்கு வாய் எப்படி வருகிறது?

வேண்டாம் என்று சொல்ல முடியாத நிலைதான் வறுமையின் கொடுமை. 2013 ஏப்ரல் 23 அன்று, வங்கதேசத் தலைநகர் டாக்காவுக்கு அருகே சாவாரில், ரானா பிளாசா என்ற எட்டு மாடிக் கட்டடத்தின் சுவர்களில் விரிசல் கண்டது. எல்லோரையும் வெளியேற்றினார்கள். மறுநாள் காலை அதே கட்டடத்தில் இருந்த வங்கி திறக்கவில்லை. மாடிகளில் இருந்த ஆயத்த ஆடைத் தொழிலாளர்களை மட்டும் உள்ளே வரச் சொன்னார்கள். வராவிட்டால் மாதச் சம்பளம் போய்விடும் என்று மிரட்டப்பட்டதாகப் பிழைத்தவர்கள் சொன்னார்கள். அப்போது அந்தத் தொழிலில் குறைந்தபட்ச மாதக் கூலி அந்நாட்டு நாணயத்தில் 3,000 டாகா, 40 டாலருக்கும் குறைவு. விரிசலைக் கண்ணால் பார்த்துவிட்டுத்தான் படியேறினார்கள். கட்டடம் இடிந்து விழுந்தது. 1,100-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். கையில் ஒரு மாதச் செலவுக்குப் பணம் இருந்திருந்தால் எத்தனை பேர் வாசலோடு திரும்பியிருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள்.

அதற்காக வேலையால் பயனில்லை என்று சொல்ல வரவில்லை. சீனாவில் நாற்பது ஆண்டுகளில் சுமார் 80 கோடிப் பேர் கடும் வறுமையிலிருந்து மீண்டதற்கு, நிலத்தில் விளைச்சல் கூடியதும், நிலத்தை விட்டு வந்தவர்களுக்கு ஆலைகளில் வேலை கிடைத்ததும் பெரிய காரணங்கள். வருமானம் கூடிய வேலைக்கு மாற வழி திறந்தால் குடும்பம் மேலே வருகிறது. அதே வேலையில் இன்னும் கூடுதலாக உழைத்து யாரும் மேலே வந்ததாகத் தெரியவில்லை. ஒரு நாளில் 24 மணி நேரம்தானே இருக்கிறது. அதிலும் பெண்களுக்குச் சராசரியாக நான்கு மணி நேரத்துக்கும் மேல் சம்பளமில்லாத வீட்டு வேலையிலேயே போய்விடுகிறது. உலகில் கூலியின்றி நடக்கும் பராமரிப்பு வேலையில் முக்கால் பங்கு அவர்கள் தலையில்தான்.

கூலிச் சட்டம், ஓய்வூதியம், மருத்துவக் காப்பு எல்லாம் வேண்டும். அவற்றைக் கேட்டு வாங்க, முதலில் தொழிலாளி என்ற பெயர் வேண்டும். 1971 டிசம்பரில் அகமதாபாத்தில் வழக்கறிஞர் எலா பட், தலைச்சுமைப் பெண்களையும் பழந்துணி விற்ற பெண்களையும் திரட்டி, சுயதொழில் செய்யும் பெண்களுக்கென்று 'சேவா' என்ற சங்கம் தொடங்கினார். பதிவு செய்யப் போனபோது தொழிலாளர் துறை மறுத்தது. "உங்களுக்கு முதலாளியே இல்லையே, யாரை எதிர்த்துச் சங்கம்?" என்பது அவர்கள் வாதம். சங்கம் என்பது எதிர்ப்பதற்காக மட்டும் இல்லை, தொழிலாளர்கள் ஒன்றுசேர்வதற்காக என்று அந்தப் பெண்கள் வாதாடினார்கள். மாதக்கணக்கில் அலைந்தார்கள். 1972 ஏப்ரலில் பதிவு கிடைத்தது. அன்றுமுதல் அவர்கள் அரசு ஏட்டிலும் தொழிலாளிகள்.