விண்வெளியைத் தொடுவது வேறு, அங்கேயே சுற்றுவது வேறு

[காட்சி: பாலைவன ஏவுதளம். ராக்கெட் கிளம்புகிறது.]

2021 ஜூலை 20. டெக்சாஸ் பாலைவனத்திலிருந்து நியூ ஷெப்பர்டு ராக்கெட் நான்கு பேருடன் கிளம்பியது. அமேசான் நிறுவனர் ஜெஃப் பெசோஸ் அதில் இருந்தார். 82 வயது வாலி ஃபங்க்கும் இருந்தார். 1961-லேயே விண்வெளி வீரர்களுக்கான மருத்துவப் பரிசோதனைகளில் தேறியும், பெண்களை எடுக்காத அந்தக் காலத்தில் வாய்ப்பை இழந்தவர் அவர். அறுபது ஆண்டுகள் கழித்து அவர் மேலே போனதைப் பார்க்க அவ்வளவு சந்தோஷமாக இருந்தது! 100 கி.மீ. தாண்டி, சில நிமிடங்கள் மிதந்து, பத்தே நிமிடத்தில் தரைக்கு வந்துவிட்டார்கள்.

அதே ஆண்டு செப்டம்பரில் இன்ஸ்பிரேஷன்4 விண்வெளிப் பயணம். இங்கேயும் நான்கு பேர்தான். ஆனால் அவர்களுடைய டிராகன் விண்கலம் மூன்று நாள் பூமியைச் சுற்றியது. அது ஏன் உடனே கீழே விழவில்லை?

மேலே போனால் ஈர்ப்பு இல்லாமல் போய்விடும் என்று பலரும் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. சுமார் 400 கி.மீ. உயரத்தில், சர்வதேச விண்வெளி நிலையம் இருக்கும் இடத்தில்கூட தரையில் உள்ள ஈர்ப்பில் ஏறக்குறைய 90 சதவீதம் இருக்கிறது.

[காட்சி: பூமியின் வளைவும் விண்கலத்தின் பாதையும்.]

டிராகனும் விழுந்துகொண்டேதான் இருந்தது. கூடவே பக்கவாட்டில் விநாடிக்கு 7.5 கி.மீ.-க்கு மேல் பாய்ந்தது. கணக்கு இதுதான்: விநாடிக்குச் சுமார் 8 கி.மீ. ஓடும் பொருள் அதே விநாடியில் சுமார் 5 மீட்டர் கீழே விழும். ஆனால் அந்த 8 கி.மீ. தூரத்துக்குள் பூமியின் பரப்பும் வளைந்து அதே 5 மீட்டர் இறங்கியிருக்கும். அதனால் தரை நெருங்குவதே இல்லை.

சரி, இந்த வேகத்துக்கு என்ன விலை? ஒரு கிலோ எடையை 100 கி.மீ. மேலே தூக்கச் சுமார் 10 லட்சம் ஜூல் ஆற்றல் போதும். அதே ஒரு கிலோவுக்குச் சுற்றுப்பாதை வேகத்தைக் கொடுக்கச் சுமார் 3 கோடி ஜூல் வேண்டும். முப்பது மடங்கு! நியூ ஷெப்பர்டு 20 மீட்டர் உயரம்கூட இல்லை. டிராகனைச் சுமந்த ஃபால்கன் 9 ராக்கெட் சுமார் 65 மீட்டர் உயரம் நிற்பதற்கு முக்கியக் காரணம் இதுதான். திரும்பும்போது இந்த வேகம் முழுவதையும் இழக்க வேண்டும். அதில் பெரும்பகுதி காற்றில் வெப்பமாக மாறுகிறது. அதைத் தாங்கத்தான் டிராகனின் அடியில் வெப்பக் கவசம்.

[காட்சி: நேரலைத் திரையில் வேகமும் உயரமும்.]

ஃபால்கன் 9 நேரலை பார்க்கும்போது திரையில் உயரத்தை விட்டுவிட்டு வேகத்தைக் கவனியுங்கள். உயரம் 200 கி.மீ.-ஐ ஒட்டி நின்ற பிறகும் வேகம் ஏறிக்கொண்டே போகும். மணிக்கு 27,000 கி.மீ.-ஐ நெருங்கிய பிறகுதான் எஞ்சின் அணையும்.